மொரினோவின் மணிக்கட்டு

என் தாத்தா தீயில் ஓடியவர். இதை நானே முதலில் சொல்லிவிடுகிறேன். நான் சொல்லாவிட்டால் யாங்கோனில் எங்கள் தாகேதாப் பேட்டையில் வேறு யாராவது உங்கள் காதில் போட்டுவிடுவார்கள். "அந்த ஜப்பான் டீச்சரா? கரகத்தோட ஓடினாரே செல்லையா, அவரு பேத்திதானே?" என்பார்கள். என்னைப் பெண் பார்க்க வந்த ஒரு வீட்டார் இதைக் கேள்விப்பட்டதும் வெற்றிலையைக்கூடத் தொடாமல் எழுந்து போனார்கள். போனது நல்லதுக்குத்தான், அது வேறு கதை.

எங்கள் அம்மன் கோயில் பூக்குழியில் இறங்குகிறவர்கள் வேகமாகப் போகலாம், தாவலாம், பாதியில் பக்கவாட்டில் குதித்துக்கூட விடலாம். யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். கரகம் எடுத்தவர் மட்டும் ஓடக்கூடாது. அவர் தலையில் இருப்பது அம்மன். அவர் ஓடினால் அம்மனே பயந்து ஓடின மாதிரி. ஜப்பான்காரன் காலத்தில், ஒரு பங்குனி மாதம், அந்தக் கரகம் துறைமுகத்தில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்த என் தாத்தா செல்லையாவின் தலையில் இருந்தது.

அன்றைக்குக் குழியோரம் நின்றவர்கள் கொஞ்சப் பேர்தான். குண்டுக்குப் பயந்து பாதி சனம் முந்தின வருஷமே இந்தியாவுக்கு நடந்தே கிளம்பியிருந்தது. நேரில் பார்த்த அந்தக் கொஞ்சப் பேரில் ஒருவர்கூட அன்று அவர் ஓடினதாகச் சொல்லவில்லை. ஊர் பார்த்தது படத்தில். ஜப்பான் ராணுவத்தோடு வந்த ஒரு ஆள் தீமிதியைப் படம் பிடித்தான். சில வாரம் கழித்துத் துறைமுகத்துக் கொட்டகையில் வெள்ளைத் துணி கட்டி அதைக் காட்டினார்கள். பின்னால் வந்தவர்கள் எல்லாம் நடந்தார்கள். முன்னால் வந்த தாத்தா மட்டும் கரகத்தோடு குடுகுடுவென்று ஓடினார். சிப்பாய்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். நம் ஆட்கள் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டார்கள். அதற்குப் பிறகு குழியோரம் நின்றவர்களுக்கே தங்கள் கண் மேல் சந்தேகம் வந்துவிட்டது.

படம் காட்டிய மாதமே சயாம் ரயில் பாதைக்கு ஆள் பிடித்தபோது தாத்தாவையும் லாரியில் ஏற்றினார்கள். திரும்பி வரவில்லை. அம்மன் கேட்டுவிட்டாள் என்று ஊர் முடிவு கட்டியது. கரகம் வேறு வீட்டுக்குப் போனது. இன்றைக்குக் கோயில் தர்மகர்த்தாவாக இருக்கும் ஊ முரளிதரனின் தாத்தாதான் அடுத்து எடுத்தவர். இங்கே பெரியவர்கள் பெயருக்கு முன்னால் 'ஊ' போடுவது பர்மிய வழக்கம்.

என் அப்பா செல்லக்கண்ணு அப்போது சின்னப் பிள்ளை. படம் காட்டிய அன்று யாரோ அவரைத் தோளில் வைத்துக்கொண்டு போயிருக்கிறார்கள். தன் அப்பாவைப் பற்றி அவருக்கு இருக்கும் ஒரே ஞாபகம் அந்தத் துணிதான். வீட்டில் தாத்தாவின் போட்டோ ஒன்றுகூடக் கிடையாது. "நடந்தாருடா, நான் பக்கத்துல நின்னேன்" என்று அவருடைய அம்மா சாகும்வரை சொல்லியிருக்கிறார். "நானும்தான் பாத்தேன்" என்பாராம் அப்பா. பெண்டாட்டி புருஷனை விட்டுக்கொடுப்பாளா என்று நினைத்துக்கொண்டார். ஒவ்வொரு ஆடி அமாவாசைக்கும் ஆற்றங்கரைக்குப் போய்த் தாய்க்கு எள்ளும் தண்ணீரும் விடுவார். தகப்பனுக்கு ஒரு தடவைகூட விட்டதில்லை. ஐயர் பெயர் கேட்டால் "அவரு இல்லீங்க" என்று சொல்லிவிட்டு எழுந்துவிடுவார்.

நான் ஜப்பானிய மொழி சொல்லிக்கொடுத்துப் பிழைக்கிறேன். யாங்கோனில் இப்போது இருபது வயதுப் பிள்ளைகள் எல்லோருக்கும் ஊரை விட்டுக் கிளம்ப வேண்டும், கிளம்ப ஒரு பாஷை வேண்டும். என் வகுப்பில் பாதிப் பேர் தமிழ்ப் பிள்ளைகள். தமிழில் திட்டினால் பர்மியத்தில் மன்னிப்புக் கேட்பார்கள். அப்பாவுக்கு நான் இந்தப் பாஷையைப் படித்தது பிடிக்கவே இல்லை. பிடிக்காது என்று தெரிந்துதான் படித்தேனோ என்னவோ.

பள்ளியின் பேஸ்புக் பக்கத்தைப் பார்த்துவிட்டு கியோத்தோவிலிருந்து நிஷிவாக்கி என்ற பெண் எழுதினாள். பழைய படங்களைப் பாதுகாக்கிற ஒரு நிலையத்தில் வேலை பார்க்கிறாள். யாங்கோனில் எடுத்த ஒரு படச்சுருள் கிடைத்திருக்கிறது, அதில் தமிழ்ப் பலகை தெரிகிறது, பார்த்துச் சொல்ல முடியுமா என்று கேட்டிருந்தாள். கரண்ட் இருந்த ஒரு காலையில் போனில் முகம் பார்த்துப் பேசினோம்.

"எடுத்தவர் மொரினோ தெய்கிச்சி. கேள்விப்பட்டிருக்கிறீர்களா?"

"இல்லையே."

"இங்கேயும் யாரும் கேள்விப்பட்டதில்லை" என்று சிரித்துவிட்டு, ரொம்ப நேரம் அவரைப் பற்றியே சொன்னாள்.

போட்டோ ஸ்டூடியோவில் தரை பெருக்கிக்கொண்டிருந்தவர் மொரினோ. பேசாத படங்கள் வந்த புதிதில் கேமராப் பெட்டியைத் தூக்கப் போனார், கொஞ்ச நாளில் அதன் கைப்பிடியைச் சுழற்றுகிறவர் ஆனார். எடுத்ததெல்லாம் சரித்திரப் படங்கள். கோட்டை வாசல், கொண்டை போட்ட வீரர்கள், வெள்ளித்தாள் ஒட்டிய மூங்கில் வாள்கள். எழுபது படங்களுக்கு மேல் இருக்கும் என்றாள். நடிகர்களில் பாதிப் பேர் நாடக மேடையிலிருந்து வந்த வயதானவர்கள், வாளை உருவுவதற்குள் மூச்சு வாங்கும். அவர்களை மின்னலாக்கியது மொரினோவின் மணிக்கட்டு. கைப்பிடியை மெதுவாகச் சுழற்றினால் பெட்டிக்குள் குறைந்த படங்கள் பதியும், திரையில் ஓட்டும்போது ஆள் வேகமாகிவிடுவான். எல்லா கேமராக்காரர்களுக்கும் தெரிந்த வித்தைதான். மொரினோ அதைச் செய்த விதம்தான் வேறு. வில்லனுக்கும் கூட்டத்துக்கும் அவர் கை மாறவே மாறாது. கதாநாயகன் வாளில் கை வைத்தால் மட்டும் கை தானாகத் தளரும். டைரக்டர் சொல்ல வேண்டியதில்லை. எதிரில் நிற்கிற ஆளைப் பார்த்து அவர் மனம் அசந்தால் மணிக்கட்டு மெதுவாகிவிடும் என்று கூட வேலை பார்த்த ஒருவர் சொல்லிவைத்திருக்கிறார்.

பிறகு படங்கள் பேச ஆரம்பித்தன. கேமராவுக்கு மோட்டார் வந்தது. பேசுகிற படத்தில் வேகத்தை மாற்றினால் மாவீரனுக்கு எலிக்குரல் வந்துவிடும். மொரினோவின் கைக்கு வேலை போனது. வாள் சண்டை எடுத்தவரை டோப்பா வைத்த நடிகர்களுக்குப் போட்டோ பிடிக்கச் சொன்னார்கள். போர் வந்ததும் ராணுவம் அவரை ரங்கூனுக்கு அனுப்பியது. கொடுத்த மோட்டார் கேமரா கப்பலில் உப்புத்தண்ணீர் பட்டுக் கெட்டுப்போக, கூடவே கொண்டுவந்திருந்த தன் பழைய மரப்பெட்டியை எடுத்தார். போர் முடிந்து ஊர் திரும்பியவர் சைக்கிள் கடை வைத்தார், கேமராவைத் தொடவே இல்லை. அவர் எடுத்த சரித்திரப் படங்களில் ஒன்றுகூட முழுசாக மிஞ்சவில்லை. இந்தச் சுருள் மட்டும் அவர் வீட்டுக் கூரைத் தகரத்துக்கு அடியில் ஒரு டப்பாவில் கிடைத்தது.

"எங்களுக்கு ஒரு சிக்கல்" என்றாள் நிஷிவாக்கி. "கையால் சுழற்றிய படம் என்பதால் சரியான வேகம் தெரியவில்லை. முன்னால் வருகிறவர் ஓடுகிறாரா, நடக்கிறாரா? உங்கள் வழக்கம் தெரிந்தவர்கள்தான் சொல்ல முடியும். நீங்கள் சொல்கிற வேகத்தில்தான் இனி எல்லா இடத்திலும் காட்டுவோம்."

படம் வந்ததும் வகுப்பறையிலேயே உட்கார்ந்து பார்த்தேன். கரகத்தைப் பிடித்திருந்த இடது கையில் இரண்டு விரல் இல்லை. கப்பல் கயிற்றில் தாத்தாவுக்கு இரண்டு விரல் போனதை அப்பா சொல்லியிருக்கிறார். முகத்தைப் பார்ப்பதற்குள் ஓடிவிட்டார். ஆமாம், ஓடினார். முழங்கால் மேலும் கீழும் அடிக்க, கரகம் குலுங்கக் குலுங்க, பார்க்கவே கோமாளித்தனமாக ஓடினார். பின்னால் வந்தவர்கள் கொஞ்சம் விறுவிறுப்பாக, ஆனால் நடந்துதான் வந்தார்கள். எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. இத்தனை வருஷமாக மனதின் ஒரு மூலையில், பாட்டி சொன்னது நிஜமாக இருந்துவிடாதா என்று ஆசைப்பட்டுக்கொண்டு இருந்திருக்கிறேன் என்பது அப்போதுதான் தெரிந்தது.

வீட்டுக்குப் போய் அப்பாவிடம் சொன்னேன். சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தவர் கையை எடுக்கவில்லை.

"அந்தப் படமா?"

"அதேதான்ப்பா. பாக்குறீங்களா?"

"வேணாம். ஏற்கெனவே பாத்ததுதான்."

"ஓடினாரா நடந்தாரான்னு கேக்குறாங்க. நாம சொல்றதுதான் கடைசி."

"ஓடினாருன்னு எழுதிக் குடுத்துடு. பொய் சொல்லி என்ன ஆகப்போவுது?"

மறுநாள் காலை பதில் எழுத உட்கார்ந்தேன். 'ஓடினார்' என்று ஜப்பானிய மொழியில் எழுதியும் விட்டேன். அந்த ஒரு சொல்லை என் பிள்ளைகளுக்கு எத்தனை தடவை சொல்லிக்கொடுத்திருப்பேன். அனுப்ப மனம் வராமல் படத்தை மறுபடி ஓட்டினேன். இந்தத் தடவை தாத்தாவைப் பார்க்கப் பிடிக்காமல் கரகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். நடுக்குழியில் கரகத்திலிருந்து ஒரு அரளிப்பூ உதிர்ந்தது. தரையில் பட்டென்று விழுந்தது.

நான் மறுபடி ஓட்டினேன். பூ, கல் விழுகிற மாதிரி விழுந்தது. அவ்வளவு தணலுக்கு மேலே, அவ்வளவு சூட்டில், ஒரு பூ அப்படி விழவே விழாது.

கை தளரும் என்றாளே அவள். கதாநாயகனைக் கண்டால் மட்டும்.

எழுதியதை அழித்துவிட்டு நிஷிவாக்கியைக் கூப்பிட்டேன். பூ பூவாக விழுகிற வேகத்துக்கு அந்த இடத்தை மட்டும் மாற்றித் தரச் சொன்னேன். அவள் மிக மெல்ல, "கை எங்கே தளர்ந்தது என்று கண்டுபிடித்துவிடலாம், வெளிச்சம் கூடும். மெதுவாகச் சுழற்றினால் படம் வெளுக்கும்" என்றாள். வெளுத்திருந்தது. தாத்தா குழியில் கால் வைத்த இடத்தில் ஆரம்பித்து, மறுமுனையில் பால் ஊற்றிவைத்த பாற்குழியில் இறங்கிய இடம்வரை. அடுத்த ஆள் வந்ததும் படம் பழையபடி கறுத்துவிட்டது. எங்கள் எல்லோருக்கும் அது கொட்டகைப் புகை, பழைய சுருள் என்றுதான் தோன்றியிருக்கும்.

அந்த மொரினோவை என்ன சொல்லித் திட்டுவது என்றே தெரியவில்லை. திட்டத்தான் நினைத்தேன். அவன் கை செய்த காரியத்தால் ஒரு மனிதன் பெயர் கெட்டு, அநாதையாகச் செத்து, பெற்ற பிள்ளை கையால் ஒரு வாய்த் தண்ணீர் கிடைக்காமல் கிடக்கிறான். ஆனால் அந்தக் கை தன் மாவீரர்களுக்கு மட்டும் கொடுத்த மரியாதையை எங்கள் மூட்டை தூக்குகிற செல்லையாவுக்கும் கொடுத்திருக்கிறது. அதற்குத் தெரிந்த மரியாதை அது ஒன்றுதான்.

ஞாயிற்றுக்கிழமை பூஜை முடிந்ததும் கோயில் மண்டபத்தில் லேப்டாப்பைத் திறந்து வைத்தேன். தர்மகர்த்தாவும் கமிட்டிக்காரர்களும் சுற்றி உட்கார்ந்தார்கள். அப்பா வழக்கம்போலத் தூணோரம், எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். விஷயத்தை முன்பே சொல்லியிருந்தேன். "உன் இஷ்டம்" என்றார், அவ்வளவுதான்.

முதலில் பழைய வேகத்தில் காட்டினேன். அடுத்து, சரி செய்ததைக் காட்டினேன். ஊ முரளிதரன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

"புஷ்பா, கோவிச்சுக்காதே. மெதுவா ஓட்டினா யாரு ஓடினாலும் நடக்கிற மாதிரிதாம்மா தெரியும். என் பேரன் டிக்டாக்ல நாள் பூரா இதைத்தான் பண்றான்."

நியாயமான கேள்வி. கோபம் வந்தது, ஆனாலும் நியாயம்தான். "அண்ணே, நீங்க தாத்தாவைப் பாக்காதீங்க. பூவை மட்டும் பாருங்க" என்று பழைய வேகத்தில் மறுபடி ஓட்டினேன். கேமராக்காரரின் மணிக்கட்டைப் பற்றிச் சொன்னேன். ஒரு வாழைப்பழத்தை எட்டாக நறுக்காமல் நாலாக நறுக்கினால் சீக்கிரம் தின்று முடித்துவிடுகிற மாதிரி, படங்கள் குறைந்தால் நடையும் சீக்கிரம் முடிந்துவிடும் என்றேன். வகுப்பில் விளக்கிப் பழகிய வாய்.

ஊ முரளிதரன் எழுந்து அம்மன் பாதத்துத் தட்டிலிருந்து ஒரு அரளிப்பூவை எடுத்தார். கரகம் இருக்கும் உயரத்துக்குக் கையைத் தூக்கி அதை விட்டார். பூ ஆடி அசைந்து தரைக்கு வந்தது. "பழசைப் போடு" என்றார். போட்டேன். மறுபடி ஒரு பூவை எடுத்து விட்டார், படத்துப் பூ முந்திக்கொண்டது. "இப்ப புதுசைப் போடு." இன்னொரு பூவை விட்டார், அந்தப் பூவும் படத்திலிருந்த பூவும் ஏறக்குறைய சேர்ந்தே தரையைத் தொட்டன.

அவர் அப்படியே நின்றுகொண்டிருந்தார். கரகம் அவர் வீட்டுக்கு வந்து எத்தனை தலைமுறை. அவர் தகப்பனாரும் எடுத்திருக்கிறார், அவரும் எடுத்திருக்கிறார். அவர் எங்களைத் திட்டி அனுப்பியிருந்தால்கூட எனக்குச் சண்டை போடத் தெரியும். அவர் தூணருகில் போய் அப்பாவுக்கு முன்னால் தரையில் உட்கார்ந்தார்.

"செல்லக்கண்ணு மாமா. உங்கப்பா நடந்தாரு. நாங்க தப்பாப் பேசிட்டோம்."

அப்பா அவரையே பார்த்தார். காது கேட்கவில்லையோ என்று நினைத்தேன்.

"வர்ற பங்குனிக்குக் கரகத்துக்குப் பூச்சுத்துறப்ப முதல் பூ உங்க கைதான் வைக்கணும்" என்றார் ஊ முரளிதரன்.

அப்பா தூணைப் பிடித்துக்கொண்டு எழுந்து, மெதுவாக என்னிடம் வந்தார். நான் நகர்ந்து இடம் கொடுத்தேன். திரைக்கு மிக அருகில் முகத்தை வைத்துக்கொண்டார்.

படத்தை ஓட்டினேன். தணலுக்கு அந்தப் பக்கம் தாத்தா வந்து நின்றார். கண்ணை மூடித் திறந்தார். கால் வைத்தார். அடி மேல் அடி வைத்து, தலை அசையாமல், ஈரத்தரையில் நடக்கிற பெண்பிள்ளை மாதிரி கவனமாக நடந்துவந்தார். இப்போது முகம் தெரிந்தது. அப்பாவின் மூக்கு, என் நெற்றி. அப்பாவைவிட ரொம்பச் சின்ன வயது. பூ உதிர்ந்தது. பாற்குழியில் இறங்கினார். படத்தில் அடுத்த ஆள் வந்துவிட்டார்.

"மறுபடி" என்றார் அப்பா.

மறுபடி ஓட்டினேன். அதற்கு அடுத்தும் ஓட்டினேன். அப்பாவின் உதடு எதையோ முணுமுணுத்துக்கொண்டே இருந்தது. உற்றுக் கேட்டேன். "நீ சொன்னியேம்மா, நீ சொன்னியே" என்று செத்துப்போன தன் தாயிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

"புஷ்பா, இன்னும் கொஞ்சம் மெதுவா விடும்மா."

சுற்றிலும் கமிட்டிக்காரர்கள் நின்றுகொண்டிருந்தார்கள். ஊ முரளிதரன் நின்றுகொண்டிருந்தார். நான் குரலைத் தாழ்த்திச் சொன்னேன். "இதுதாம்ப்பா சரியான வேகம். இதுக்கு மேல மெதுவாக்கினா பொய்யாப் போயிடும்."

"பொய்யா இருந்தா இருந்துட்டுப் போகட்டும்." அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அந்தப் பாலுல இறங்கினா லாரி ஏத்திருவாங்கம்மா அவரை."

நான் திரும்பி ஊ முரளிதரனைப் பார்த்தேன். அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

நான் மெதுவாக்கினேன். அப்பா போதும் என்று சொல்கிறவரை மெதுவாக்கிக்கொண்டே போனேன். அவர் சொல்லவே இல்லை. கடைசியில் அரளிப்பூ கரகத்துக்கும் தணலுக்கும் நடுவில் அப்படியே நின்றது. தாத்தா ஒரு காலைத் தூக்கியபடி எங்களைப் பார்த்துக்கொண்டு நின்றார். அப்பா சட்டைப் பித்தானைச் சரி செய்துகொண்டு, இரண்டு கையையும் கூப்பினார்.